துடியலூர் வானத்தில் ஒரு ஸ்பேர் நிலா

மகள் கல்யாணத்துக்காகத் தோட்டம் காட்டை விற்றவர்கள் கொங்கு நாட்டில் ஊருக்கு ஊர் உண்டு. தென்னந்தோப்பை விற்றவர்கள், லாரியை விற்றவர்கள், குடியிருந்த வீட்டையே அடமானம் வைத்தவர்கள் எல்லோரையும் எனக்குத் தெரியும். மகள் கல்யாணத்துக்காக வானத்தில் புதிதாக ஒரு நிலாவை ஏற்றி வைத்தவர் மட்டும், எனக்குத் தெரிந்து, உலகத்திலேயே ஒருவர்தான்.

அவருக்குத் துடியலூரில் எங்கள் காலனியில் என் வீட்டுக்கு நேர் எதிர்வீடு. பெற்றோர் வைத்த பெயர் வீட்டு வரி ரசீதில் மட்டும் இருக்கிறது. காலனிக்கும் கடைவீதிக்கும், சமயத்தில் அவர் மனைவிக்கும்கூட, அவர் ஸ்பேர்க்காரர். நான் கல்லூரியில் இயற்பியல் நடத்தி ஓய்வு பெற்றவன். அவர் ஏற்றிய நிலாவை இறக்கிப் போட்டவன் நான்தான். அதைச் சொல்லிவிடத்தான் இதை எழுதுகிறேன்.

சிங்காநல்லூரில் அவருக்கு மோட்டார் பம்புகளின் உதிரி பாகங்கள் விற்கும் கடை. பேரிங், வாஷர், கெப்பாசிட்டர் என்று விவசாயிகள் அவசரத்துக்குத் தேடி வரும் சாமான்கள். பாதி ஆயுளை அந்தக் கல்லாவில் கழித்ததில் அவருக்கு ஒரு தத்துவம் பிறந்திருந்தது.

"ஒலகத்துல எது வேணா எப்ப வேணா நின்னு போகுமுங்க. ஸ்பேர் வெச்சிருக்கறவன் பொழச்சுக்குவான்."

இந்தத் தத்துவத்தை அவர் கடையோடு நிறுத்திக்கொள்ளவில்லை. மூக்கில் ஒரு கண்ணாடி, சட்டைப் பையில் ஒரு கண்ணாடி. வீட்டு வாசலில் இரண்டு அழைப்பு மணி. ஒன்றை அடித்தால், "அக்கட்டால இருக்கறதையும் ஒருக்கா அடிச்சுப் பாருங்க, வேல செய்யுதான்னு" என்று உள்ளேயிருந்து சத்தம் வரும். அவருடைய கல்யாணத்தில் முகூர்த்தத் தட்டில் இரண்டு தாலி இருந்ததாம். பெண் வீட்டார் பதறிப்போய்க் கேட்டதற்கு, "கூட்டத்துல ஒண்ணு கீழ உழுந்து காணாமப் போச்சுன்னா என்னங்க பண்றது?" என்றாராம். அந்த நிமிடமே மாமனார் தன் மகளைத் திரும்பக் கூட்டிப்போகப் பார்த்ததாக அவர் மனைவி இன்றும் சொல்வார். பெருமையாகச் சொல்கிறாரா, வருத்தமாகச் சொல்கிறாரா என்று எனக்குப் பிடிபட்டதே இல்லை.

மகள் கவிதாவின் காதுகுத்துக்கு அவர் இரண்டு தாய்மாமன்களை ஏற்பாடு செய்தார். மனைவியின் உடன்பிறந்தவர் தாராபுரத்திலிருந்து பஸ்ஸில் வர வேண்டும். பஸ் தாமதமாகிவிட்டால்? அதனால் மனைவியின் சித்தப்பா மகன் ஒருவரை ஸ்பேராக வரவழைத்து, புது வேட்டி கட்டி உட்கார வைத்துவிட்டார். பஸ் சரியான நேரத்துக்கு வந்துவிட்டது. குழந்தை ஒன்று, மடி இரண்டு. கடைசியில் ஆளுக்கொரு காது என்று பங்கு போட்டுத்தான் விசேஷம் முடிந்ததாம். இரண்டு மாமன்களும் இன்றுவரை பேசிக்கொள்வதில்லை.

அந்தக் கவிதாவுக்குத்தான் கல்யாணம் ஆகாமல் இருந்தது. பொறியியல் படித்து, பம்பு தயாரிக்கும் கம்பெனி ஒன்றில் சோதனைப் பிரிவில் வேலை. எடுத்த வேலையை முடிக்காமல் வைக்காத பெண். எதிரில் வந்தால் "நல்லா இருக்கீங்களா சார்?" என்று கேட்டுவிட்டுப் பதிலுக்கு நின்று போகிறவள். குறை ஒன்றே ஒன்று. அவளுடைய பிறந்த நட்சத்திரம் மூலம். மூல நட்சத்திரத்தில் பிறந்த பெண் வீட்டுக்கு வந்தால் மாமனாருக்கு ஆகாது என்று எங்கள் பக்கத்தில் ஒரு பயம் உண்டு. ஆகாது என்றால் உடம்புக்கு ஆகாது என்பதில்லை. ஆளே இருக்க மாட்டார் என்று அர்த்தம்.

ஆகவே ஸ்பேர்க்காரர் மாமனார் இல்லாத வீடாகப் பார்த்துத் தேட ஆரம்பித்தார். தரகர் கொடுத்த எண்ணுக்கு போன் போட்டு, எடுத்த எடுப்பில், "ஏனுங்க, பையனோட அப்பா இருக்காருங்களா?" என்பார். "இருக்காருங்க, நல்லா இருக்காருங்க" என்று அந்தப் பக்கம் சொன்னால், "அச்சச்சோ" என்று வைத்துவிடுவார்.

ஒருமுறை ஒரு வீட்டுக்கு நானும் கூடப் போயிருந்தேன். கூடத்துச் சுவரில் மாலை போட்ட பெரிய படம், சின்ன விளக்கு. ஸ்பேர்க்காரரின் முகம் மலர்ந்துவிட்டது. என் காதோரம் குனிந்து, "படத்தப் பாத்தீங்களா வாத்தியாருங்க? அமஞ்சுபோச்சுங்க!" என்றார். அதே நேரத்தில் குளியலறைக் கதவு திறந்தது. தலையைத் துவட்டிக்கொண்டே, வாட்டசாட்டமாக ஒருவர் வெளியே வந்தார்.

"வாங்க, வாங்க. நாந்தானுங்க பையனோட அப்பா. படத்துல இருக்கறது எங்கய்யனுங்க, பையனோட தாத்தா."

"ஒடம்பெல்லாம் நல்லா இருக்குதுங்களா?" என்று ஸ்பேர்க்காரர் கேட்டார். இல்லை என்ற பதிலுக்கு அப்படி ஏங்கிய ஒரு குரலை நான் கேட்டதில்லை.

"கல்லாட்டம் இருக்கறனுங்க!" என்று அவர் மார்பைத் தட்டிக் காட்டினார். காபி ஆறுவதற்குள் நாங்கள் கிளம்பிவிட்டோம்.

அதற்குப் பிறகு ஒரு சாயங்காலம் பேக்கரியில் டீயும் தேங்காய் பன்னுமாக உட்கார்ந்திருந்தோம். அவர் பன்னை ஒரு கடி கடித்தார். பிறகு கேட்டார்.

"வாத்தியாருங்க, ஜென்ம நட்சத்திரம்னா என்னுங்க?"

"பொறந்த நேரத்துல நிலா எந்த நட்சத்திரத்துக்கிட்ட நின்னுச்சோ, அதுதானுங்க."

"எந்த நிலா?"

"எந்த நிலான்னா? இருக்கறதே ஒண்ணுதானுங்களே."

அவர் பன்னைக் கீழே வைத்தார். "கெணத்து மோட்டாருக்கே ஸ்பேர் வெக்கறோமுங்க. இத்தாப்பெரிய பூமிக்கு ஒரே ஒரு நிலாவ மாட்டி உட்டுப்போட்டுக் கடவுள் போயிருப்பாருங்களா? அவரென்ன வெவரம் தெரியாதவருங்களா?"

நான் சிரித்தேன். டீ புரையேறும் அளவுக்குச் சிரித்தேன். அவர் சிரிக்கவில்லை என்பதைக் கவனித்திருக்க வேண்டும்.

மறுநாள் நிலா தயாராகிவிட்டது. பெயர் சின்னம்மிணி. அது பெரிய நிலாவுக்குப் பின்னால் ஒளிந்திருப்பதால்தான் தெரிவதில்லை என்றார்.

"பின்னாலயே இருந்தா அதுக்கும் அதே மூலம்தானுங்களே" என்றேன்.

திரும்பி வீட்டுக்குப் போய்விட்டார். அன்றைக்குக் கடை திறக்கவில்லை. அடுத்த நாள் காலையில் என் வீட்டு கேட்டைத் தட்டினார். "எதுருப்பக்கமுங்க! பெருசு கெழக்கால மொளச்சா சிறுசு மேக்கால எறங்கிரும். ரெண்டும் மொகத்தக் காட்டிக்கறதே இல்லீங்க." அதற்குள் தாராபுரத்து ஜோசியர் ஒருவருக்கு போன் போட்டு, வானத்தில் மூலத்துக்கு நேர் எதிரே என்ன இருக்கிறது என்றும் விசாரித்துவிட்டார். மிருகசீரிஷமாம். யாருடைய மாமனாரையும் எதுவும் செய்யாத பரம சாது.

நான் ஆசிரியர். விட்டுவிட மனம் வரவில்லை. "அப்படீன்னா அமாவாசையன்னிக்கு உங்க சின்னம்மிணி முழுசாத் தெரியோணுமே. ஏனுங்க தெரியறதில்ல?"

"ஸ்பேர் மோட்டாருக்கு யாராச்சும் லைன் குடுத்து வெப்பாங்களா வாத்தியாருங்க? துரு ஏறாம ரெட் ஆக்சைடு அடிச்சு மூலைல வெச்சிருப்பாங்க. பெருசு என்னிக்கு நிக்குதோ அன்னிக்குத்தான் அதுக்குக் கனெக்‌ஷன்."

இப்படியாக இரண்டாவது நிலாவின் நிறமும் முடிவாகிவிட்டது. இரும்புக்கு அடிக்கும் செங்காவி. நான் வீட்டுக்குள் வந்து நாற்காலியில் உட்கார்ந்தேன். குழப்பமாக இருந்தது. அவர் சொன்னதில் உண்மை கடுகளவும் இல்லை. ஆனால் ஒன்றோடொன்று பொருந்தியது. என் மாணவர்களில் பலருக்கு வராத பொருத்தம் அது.

அவர் கவிதாவுக்காகத்தான் அந்த நிலாவை ஏற்றினார். ஆனால் ஏற்றிய பிறகு அது ஊருக்குச் சொந்தமாகிவிட்டது.

முதலில் பிடித்துக்கொண்டவர்கள் சிங்காநல்லூர் லேத் பட்டறைத் தொழிலாளர்கள். அமாவாசை என்றால் பட்டறையில் பூஜை உண்டு. இயந்திரங்களைத் துடைத்துப் பொட்டு வைத்து, வாசலில் பூசணிக்காய் உடைத்து, பொரியும் கடலையும் கொடுத்து, அன்றைக்கு வேலையைச் சீக்கிரம் முடித்துவிடுவார்கள். சின்னம்மிணி எதிர்ப்பக்கத்தில் இருக்கிறாள் என்றால் அவளுடைய அமாவாசை பௌர்ணமியன்று வர வேண்டும். இந்தக் கணக்கை ஸ்பேர்க்காரர் சொல்லி வாயை மூடுவதற்குள் அவர்களுக்குப் புரிந்துவிட்டது. இதே பௌர்ணமி அமாவாசைக் கணக்கைக் கல்லூரியில் விளக்குவதற்குள் எனக்குத் தொண்டை கட்டிக்கொள்ளும்.

பட்டறை முதலாளி ஒருவர் கடைக்கே வந்துவிட்டார். "ஏனுங்க ஸ்பேர்க்காரரே, மானத்துல ஒண்ண ஏத்துனீங்க, சரி. பூசணிக்கா யாருங்க வாங்கறது?"

"சின்ன நிலாதானுங்களே. சின்னக் காயா ஒடச்சாப் போதுமுங்க."

எங்கள் காலனிக்குக் கறிக்கடை வைத்திருக்கும் பாய்க்கு வேறு கவலை. "அண்ணா, அமாவாசையன்னிக்கு நான் ஈ ஓட்டறேன். பௌர்ணமியாச்சும் மிச்சமிருந்துச்சு. அதையும் அமாவாசை ஆக்கிப்போட்டீங்க. ஒரு ஒதவி பண்ணுங்க. ஞாயித்துக்கெழமை மட்டும் வர வேண்டாம்னு உங்க அம்மிணிகிட்டச் சொல்லி வெய்யுங்க."

"சொல்லிப் பாக்கறேன் பாய்" என்றார் இவர், மிகவும் பொறுப்பாக.

கலைக்கும் வந்தது காலம். காலனிப் பெண்கள் சாயங்காலங்களில் மைதானத்தில் வள்ளி கும்மி பழகுவார்கள். பாட்டில் ஒரு புது அடி சேர்ந்துவிட்டது.

"மூலையில் நிக்கிற சின்னம்மிணி – நீ
முன்னுக்கு வந்து நில்லு கண்ணு;
மாலையும் வந்தாச்சு வெக்கமென்ன – பெரிய
மாமனைப் பாத்துச் சிரிச்சு நில்லு!"

கும்மியடிக்கும்போது ஒரு வட்டத்துக்கு எதிராக இன்னொரு வட்டம் சுற்றியது. அதற்குக் காரணம் வானவியல் என்று என் மனைவி சரசு எனக்கு விளக்கினாள். வாசல் கோலங்களில் இரண்டு நிலா வந்தது. காலனிச் சுற்றுச்சுவரில் ஓவியம் வரைய வந்த ஒருவர் இரண்டாவது நிலாவை வெள்ளி நிறத்தில் வரைந்துவிட்டார். ஸ்பேர்க்காரர் பக்கத்தில் நின்று அதை அழிக்க வைத்து, ஒரு டப்பா ரெட் ஆக்சைடைக் கொடுத்தார். பார்த்துப் போகிறவர்கள், பாதிச் சுவருக்கு ப்ரைமர் அடித்துவிட்டு ஆள் ஓடிப்போய்விட்டான் என்று நினைத்துக்கொண்டார்கள்.

அறிவியலை மட்டும் விட்டு வைப்பானேன்? பொறியியல் கல்லூரி மாணவர்கள் சிலர் என்னிடம் வந்தார்கள். இன்னொரு நிலா இருந்தால் கடல் ஏற்ற இறக்கத்தில் அது தெரிய வேண்டும், தெரியவில்லை, ஆகவே அப்படி ஒன்று இல்லை என்று படம் போட்டு விளக்கினேன். எதிர்வீட்டு கேட்டிலிருந்து ஒரு குரல் வந்தது: "கோயமுத்தூருக்குக் கடல் எங்கீங்க?" அவர்கள் எழுந்து போய் சிங்காநல்லூர்க் குளத்தில் ஒரு கம்பை நட்டுப் பார்த்தார்கள். அந்தப் பௌர்ணமிக்குக் குளத்தில் தண்ணீர் ஏறியிருந்தது. மேற்கே மலையில் மழை கொட்டியிருந்ததை நான் சொன்னேன். யாரும் கேட்கவில்லை. "மழை ஏனுங்க அன்னிக்குன்னு பாத்துப் பெய்யுது?" என்று திருப்பிக் கேட்டார்கள்.

இனி என் பங்கு.

என் மகன் அருணும் கவிதாவும் ஒரே கம்பெனியில் வேலை பார்த்தார்கள். ஒருவருக்கு ஒருவரைப் பிடித்துப்போயிருந்தது. காலனி முழுவதற்கும் தெரிந்த இந்த விஷயம் எனக்கு மட்டும் தெரியாது. சரசு சொன்னபோது எனக்குச் சந்தோஷமாகவே இருந்தது. அப்புறம்தான் நட்சத்திரம் ஞாபகம் வந்தது. அதற்குச் சில மாதங்கள் முன்பு எனக்கு நெஞ்சுவலி வந்து, ரத்தக்குழாயில் ஸ்டென்ட் வைத்திருந்தார்கள். மூலம் என்ற வார்த்தை மனதில் வந்ததும் என் கை தானாக நெஞ்சுக்குப் போனது.

"கை ஏனுங்க அங்க போகுது?" என்றாள் சரசு.

"சும்மா, அரிப்பு" என்றேன்.

ஸ்பேர்க்காரர் ஒரு வெள்ளிக்கிழமை காலையில் தட்டில் பழமும் பூவுமாக வந்தார். எதிர்வீட்டிலிருந்து வருவதற்கு இஸ்திரி போட்ட வேட்டி, சட்டை. உட்கார்ந்ததும் முதல் வார்த்தையே, "மிருகசீரிஷமுங்க" என்றார்.

நான் நிமிர்ந்து உட்கார்ந்தேன். "நான் ஜாதகமெல்லாம் பாக்கறவனில்லீங்க. ஆனா ரெண்டு நிலா இருக்குதுன்னு சொல்ற ஊட்டுல சம்பந்தம் பண்ணுனா, என்கிட்டப் படிச்ச பசங்க என்னை என்னன்னு நெனப்பாங்க? நான் சயின்ஸ் சொல்லிக் குடுத்தவன்."

எவ்வளவு கௌரவமான பொய்! எனக்குப் பயம் அவருடைய நிலாவிடம் இல்லை. எல்லோருக்கும் தெரிகிற, நான் ஆயுள் முழுவதும் பாடம் நடத்திய அந்த நிலாவிடம்தான். இல்லாத நிலாவைக் காரணம் காட்டி, இருக்கிற நிலாவுக்குப் பயந்தேன்.

"அதுவும் சரிதானுங்க" என்று அவர் எழுந்தார். பழத்தட்டை அங்கேயே வைத்துவிட்டுப் போனார்.

தைப்பூசம் வந்தது. அதை ஒட்டி எங்கள் பக்கத்தில் பெண்கள் நிலாச்சோறு உண்பார்கள். வீட்டுக்கு வீடு சமைத்ததைப் பொது இடத்துக்குக் கொண்டுவந்து, கலந்து, பகிர்ந்து, நிலா வெளிச்சத்தில் சாப்பிட்டுக் கும்மியடிப்பது. காலனி மைதானத்தில் அந்த முறை ஆண்களையும் சேர்த்துக்கொண்டார்கள். என்னை நாலு வார்த்தை பேசச் சொன்னார்கள். நாலு வார்த்தையோடு நிறுத்தத் தெரிந்தவன் எதற்காக ஆசிரியர் வேலைக்குப் போகிறான்? ஈர்ப்பு விசையில் ஆரம்பித்து, கிரகணம் வழியாக வந்து, இரண்டாவது நிலா என்று ஒன்று கிடையவே கிடையாது என்று முடித்தேன். அதோடு நின்றிருக்கலாம். நிலாவைக் காட்டி மனிதர்களின் வாழ்க்கையை முடிவு செய்வது மூடத்தனம் என்றும் ஒரு வார்த்தை சேர்த்துவிட்டேன். கைதட்டினார்கள்.

கூட்டத்தில் கவிதா எழுந்து நின்றாள். கையில் எலுமிச்சை சாதக் கிண்ணம்.

"சார், ஒரு டவுட்டுங்க. ரெண்டாவது நிலா இல்லவே இல்லீங்களா?"

"இல்லை, அம்மிணி."

"மொத நிலா, என் தலையெழுத்த எழுதுமுங்களா?"

"அதெப்படி எழுதும்? அது வெறும் கல்லும் மண்ணும்."

"அப்ப நீங்க எந்த நிலாவுக்குங்க சார் பயந்துக்கறீங்க?"

கும்மிக்கு வந்திருந்த பெண்கள் முதலில் சிரித்தார்கள். பிறகு விஷயம் புரிந்து நிறுத்திக்கொண்டார்கள். அருண் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தான். சரசு என்னைப் பார்த்துக்கொண்டிருந்தாள். என் கை மறுபடியும் நெஞ்சுக்குப் போய்விட்டிருந்தது. முழு நிலா தலைக்கு மேல் பளிச்சென்று இருந்தது. ஒளிந்துகொள்ள இருட்டு இல்லை.

ஸ்பேர்க்காரர் எழுந்து என் பக்கத்தில் வந்து நின்றார்.

"உக்காரு கண்ணு. பெரியவங்களப் போயி இப்படிக் கேக்கலாமா?" என்றார் மகளிடம். பிறகு எல்லோரிடமும் சொன்னார். "வாத்தியாரு சொன்னதுதானுங்க சரி. சின்னம்மிணின்னு ஒண்ணும் இல்லீங்க. நாந்தான் சும்மா சொல்லிப்போட்டேன். அவரு நெஞ்சுக்கு வைத்தியம் பண்ணுன ஒடம்புங்க. யாரும் அவரக் கேள்வி கேக்காதீங்க."

மகளுக்காக ஏற்றிய நிலாவை, மகளை வேண்டாம் என்று சொன்னவனின் மானத்துக்காக இறக்கிவிட்டார். பிறகு ஒரு தட்டில் தயிர் சாதம் போட்டுக்கொண்டு வந்து என் கையில் கொடுத்தார். நான் அதைச் சாப்பிடவும் செய்தேன். அதைத்தான் என்னால் மறக்க முடியவில்லை.

அடுத்த பௌர்ணமிக்கு சிங்காநல்லூர்ப் பட்டறைகளில் பூசணிக்காய் உடையவில்லை. கும்மியில் அந்த அடியைப் பாடவில்லை. பஸ்ஸில் ஒரு லேத் தொழிலாளி என்னை அடையாளம் கண்டு, "பெரிய படிப்புப் படிச்சவங்க, எங்க பொரி கடலைலயா சார் கைய வெச்சீங்க?" என்றார். கறிக்கடை பாய் சந்தோஷப்படுவார் என்று எதிர்பார்த்தேன். "யாவாரம் நல்லாத்தான் ஆகுதுங்க சார். ஆனா அந்த மனுசன் மொகத்தப் பாக்க முடியலீங்க" என்றார்.

உண்மைதான். ஸ்பேர்க்காரர் சட்டைப் பையில் இரண்டாவது கண்ணாடி இல்லை. வாசலில் இரண்டு மணிகளில் ஒன்று கெட்டுப்போயிருந்தது. அவர் அதைச் சரிசெய்யவில்லை. கவிதா எதிரில் வந்தால் "நல்லா இருக்கீங்களா சார்?" என்று கேட்டாள்; பதிலுக்கு நிற்கவில்லை. அவளுக்குப் புனேயில் வேலை கிடைத்திருப்பதாகவும், போகப்போவதாகவும் அருண் ஒருநாள் சாப்பாட்டுக்கு நடுவில் சொன்னான். சொல்லிவிட்டுப் பாதியில் கை கழுவிக்கொண்டான்.

மறுநாள் நான் பஸ் ஏறி சிங்காநல்லூர் போனேன். எதிர்வீட்டுக்காரரைப் பார்க்க ஊரின் இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிக்கு ஏன் போனேன் என்றால், அவர் வீட்டு வாசலில் நின்று கேட்க எனக்கு முகமில்லை. கடையில் இரண்டு விவசாயிகள் நின்றிருந்தார்கள்.

"வாங்க வாத்தியாருங்க. மோட்டார் நின்னுபோச்சுங்களா?" என்றார்.

"இல்லீங்க. பொண்ணு கேட்டு வந்திருக்கறனுங்க."

அவர் கையிலிருந்த பேரிங்கைத் துணியால் துடைத்தார். துடைத்துக்கொண்டே இருந்தார்.

"வேண்டாமுங்க" என்றார் கடைசியில்.

"என் மேல கோவமுங்களா?"

"கோவமெல்லாம் என்னுங்க. அம்மிணி மூலமுங்களே."

"அதெல்லாம் நான் இனிமே நம்பறதில்லீங்க."

"நான் நம்பறனுங்களே!" என்று கத்திவிட்டார். கத்தியதற்காக உடனே குரலைத் தாழ்த்திக்கொண்டார். "சின்னம்மிணி இருந்த வரைக்கும் தைரியமாத் தட்டத் தூக்கிட்டு வந்தேன். இப்பத்தான் அது இல்லைன்னு ஆயிப்போச்சே. நாளைக்கு உங்களுக்கு ஒண்ணு ஆச்சுன்னா? தெனமும் கதவத் தொறந்தா எதுருல நீங்கதானுங்க. நீங்க இல்லாத ஊட்டப் பாத்துக்கிட்டு நான் எப்படீங்க இருக்கறது?"

நிலாவைப் பொய்யாகக் கட்டினார் என்று நான் நினைத்த மனிதர் அதை முழுதாக நம்பியிருக்கிறார். எதையும் நம்பாதவன் என்று நான் நினைத்துக்கொண்டிருந்த நானோ பயந்தாங்கொள்ளி. அவர் தன் மகளுக்காக மட்டுமல்ல, அவள் போகப்போகிற வீட்டு மாமனாருக்காகவும் சேர்த்துத்தான் அந்த நிலாவை ஏற்றியிருக்கிறார். அந்த மாமனார் நான்.

விவசாயிகளில் ஒருவர் பொறுமை இழந்தார். "ஏனுங்க சார், எனக்குப் பஸ்ஸுக்கு நேரமாச்சு. அந்த நிலா இருக்குதா, இல்லியா? ஒண்ணச் சொல்லிப்போடுங்க."

"இருக்குதுங்க" என்றேன்.

ஸ்பேர்க்காரர் நிமிர்ந்தார். "என்னுங்க?"

"ரெண்டாவது நிலா இருக்குதுங்க. நாந்தான் கணக்குல தப்புப் பண்ணிப்போட்டேன். போன அமாவாசைக்கு மொட்டைமாடில நின்னு என் கண்ணாலயே பாத்தனுங்க."

அவர் என்னை உற்றுப் பார்த்தார். "என்ன கலருங்க?"

"ரெட் ஆக்சைடு."

"லைன் குடுக்காத நிலா எப்படீங்க கண்ணுக்குத் தெரிஞ்சுது?"

இத்தனை வருட ஆசிரியப் பணியில் எந்த மாணவனும் என்னை இப்படி மடக்கியதில்லை.

"டார்ச் அடிச்சுப் பாத்தனுங்க."

கடையில் யாரும் சிரிக்கவில்லை. விவசாயிகள் இருவரும் அதுதானே வழி என்பதுபோலத் தலையாட்டினார்கள். ஸ்பேர்க்காரர் கல்லாவுக்குப் பின்னால் மெதுவாக உட்கார்ந்து, கண்ணாடியைக் கழற்றி, எண்ணெய்த் துணியால் கண்ணைத் துடைத்துக்கொண்டார். கண்ணைச் சுற்றிக் கறுப்பாக ஆகிவிட்டது.

"அப்பச் சரிங்க" என்றார்.

நான் இயற்பியலுக்குச் செய்த ஒரே துரோகம் அது. வருத்தப்பட வேண்டியவை என் வாழ்க்கையில் நிறைய உண்டு. அதில் இதைச் சேர்ப்பதில்லை.

கவிதாவிடம் அந்தப் பொய் செல்லாது. அவளைத் தனியாகப் பார்த்துப் பேசினேன். "உண்மையாலுமே உங்களுக்குப் பயம் போயிருச்சுங்களா சார்?" என்று கேட்டாள்.

"போகல, அம்மிணி. இருக்குது. உங்கப்பா தட்டோட வந்த அன்னிக்குப் பொய் சொன்னேன். பயத்தோட இருக்கற மாமனாருன்னா பரவாயில்லையா?"

"வேலைய இங்கியே பாத்துக்கறனுங்க, மாமா" என்றாள்.

கல்யாணம் நடந்து இப்போது வருடம் ஒன்றுக்கு மேல் ஆகிறது. நான் இருக்கிறேன். இருந்தே ஆக வேண்டும். நாளை எனக்கு எது நடந்தாலும், வயதாகிவிட்டது என்றோ, இதயம் பழுது என்றோ யாரும் சொல்லப்போவதில்லை. பழி அந்தப் பெண்ணின் தலையில்தான் விழும். ஒரு காலத்தில் நானே அவள்மேல் போட்ட பழி அது. அதனால் மாத்திரையைத் தவறவிடுவதில்லை. தேங்காய் பன்னை விட்டுவிட்டேன். உயிர்மேல் இவ்வளவு ஆசை எனக்கு இளமையில்கூட இருந்ததில்லை.

சின்னம்மிணியைப் பற்றி ஸ்பேர்க்காரர் இப்போது பேசுவதில்லை. நான்தான் சில சமயம் ஆரம்பிக்கிறேன். "அதெதுக்குங்க சம்மந்தி, அது பாட்டுக்கு இருந்துட்டுப் போகட்டும்" என்பார். அவர் நம்புகிறாரா, நான் அன்று சொன்னதை நம்பினாரா, அல்லது எனக்காக நம்புவதுபோல இருந்தாரா என்று எனக்கு இன்னும் தெரியவில்லை. யோசித்தால் குழம்பிவிடுகிறது.

டாக்டர் சொன்னபடி சாயங்காலம் நாங்கள் இருவரும் மேட்டுப்பாளையம் ரோட்டில் நடக்கிறோம். வண்டிகள் வரும் பக்கத்தில் அவர் நடந்து, என்னை ஓரத்தில் விடுகிறார். ஏன் என்று நான் கேட்டதில்லை. கொஞ்ச நாட்களாக, பேச்சுக் கொடுத்துக்கொண்டே அந்தப் பக்கம் மாறிக்கொள்ளலாமா என்று நானும் பார்க்கிறேன். மனிதர் விடுவதாக இல்லை.